முற்றத்தில் தேங்கிய பொழுது

கோடை, இரண்டாம் வாரம்

அன்புத் தம்பிக்கு அக்கா எழுதுவது. இங்கே சுகத்துக்குக் குறைவில்லை. உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது, வேளைக்குச் சாப்பிடுகிறாயா என்று எழுது.

சலவைக்கூடத்தில் வேலைக்குப் பஞ்சமில்லை. விடுதிக்காரர்கள் படுக்கை விரிப்புகளை மூட்டை மூட்டையாகக் கொண்டுவந்து கொட்டுகிறார்கள். உனக்கும் ஆறு தலையணை உறை எடுத்து வைத்திருக்கிறேன். கிழிசல் என்று குறை சொல்லாதே.

ஒரு சந்தேகம். பக்கத்து வீட்டில் கேட்கச் சொன்னார்கள். நம் தெருவில் மழைத்தண்ணீர் மாதிரியே பொழுதும் பள்ளத்தில் தேங்கும் என்பது உனக்குத் தெரியாததா? சின்ன வயதில் வாசல் குழிக்குள் கோலிக்குண்டைப் போட்டுவிட்டு, அது அடியைத் தொடுவதற்குள் சாப்பிட்டுக் கைகழுவி வந்துவிடுவோமே. அப்படி ஒரு முற்றம் முழுவதும் தேங்கிவிட்டது என்று வைத்துக்கொள். உள்ளே ஒரு ஆள் மாட்டிக்கொண்டார். அவரை எப்படி வெளியே எடுப்பது? தேங்கிய பொழுதை வடிப்பதுதான் உன் பிழைப்பு. உனக்குத் தெரியாமல் யாருக்குத் தெரியும்? சீக்கிரம் எழுது.

உன் மச்சான் ஏணிமேல் இருக்கிறார். அதனால் கடிதத்தின் அடியில் வழக்கமாக எழுதும் வரியை இந்த முறை எழுதவில்லை.

உன் அக்கா


தேதி தெரியவில்லை, சம்பளம் வாங்கிய மறுநாள்

அக்காவுக்கு வணக்கம். முழங்கால் அதன் இடத்தில் இருக்கிறது, வலியும் அதன் இடத்தில் இருக்கிறது. தாமதத்துக்குத் திட்டாதே. பெரிய தேக்கத்தின் ஓரத்தில் கணுக்கால் முழுக நின்று ஒரு நாள் வேலை பார்த்துவிட்டு ஏறினால், கரையில் மூன்று வாரம் ஓடிப்போயிருக்கிறது. அதுவரை உன் கடிதம் என் தலையணைமேல் கிடந்தது.

மாட்டிக்கொண்டவரைக் கையைப் பிடித்தோ காலைப் பிடித்தோ இழுக்கக் கூடாது. எங்களைப்போல ஓரத்தில் கணுக்கால் முழுகுவது வேறு, பாதி உடம்பு நம் வேகத்திலும் பாதி அந்த வேகத்திலும் இருந்தால் ரத்தம் தாங்காது. மொத்தத் தேக்கத்தையும் வடித்துத்தான் ஆளை எடுக்க வேண்டும். அவர் சும்மா உட்கார்ந்திருக்கிறார் என்றால் வடிப்பதில் பயமே இல்லை. ஆனால் மேலே தேங்கினால் கீழே வறட்சி. கீழ்த்தெருவுக்குப் போகவேண்டிய பொழுதெல்லாம் அந்த முற்றத்தில் நிற்கும். அவர்களுக்குப் பகல் சுருங்கிவிடும், சண்டைக்கு வருவார்கள். தன்மையாகப் பேசச் சொல்.

இவ்வளவும் பக்கத்து வீட்டுக்கு. இனி உனக்கு. பக்கத்து வீட்டில் முற்றமே கிடையாது, அக்கா. மச்சான் காய்ச்சலில் படுத்திருந்தபோதுகூட எனக்கு இன்னும் கல்யாணம் ஆகாததைக் கிண்டல் செய்து அடியில் ஒரு வரி கிறுக்கியவர். என்ன நடந்தது?

தம்பி


கோடை நடு

தம்பிக்கு. முழங்காலுக்கு எண்ணெய் தேய், நான் சொன்னால் கேள்.

எனக்குப் பொய் சொல்ல வராது என்பது உனக்கு நினைவிருக்கிறது, எனக்குத்தான் மறந்துவிட்டது. உள்ளே இருப்பது உன் மச்சான். உட்கார்ந்திருக்கவில்லை. விழுந்துகொண்டிருக்கிறார்.

மாடி உயரத்தில் துணி காயப்போடும் மேல்கொடி அறுந்துவிட்டதென்று கட்ட ஏறினார். ஏணி ஆடியது. "இறங்குங்க, ஒரு விஷயம் சொல்லணும்" என்று கீழிருந்து கத்தினேன். "விழ..." என்று ஆரம்பித்தார். ஏணி வழுக்கியதும் முற்றத்தில் பொழுது வந்து நிறைந்ததும் ஒன்றாக நடந்தன. மிச்ச வார்த்தை உள்ளேயே நின்றுவிட்டது. கையை விரித்துக்கொண்டு மல்லாந்து இறங்கிக்கொண்டிருக்கிறார். கீழே கல்தரை. இப்போது வடித்தால் கண்மூடித் திறப்பதற்குள் அவர் தலை கல்லில் மோதும்.

பயம் ஒரு பக்கம் இருக்கட்டும், பார்த்ததை யாரிடமாவது சொல்லாமல் என்னால் இருக்க முடியாது. அவரோடு கவிழ்ந்த வாளித் தண்ணீர் காற்றில் அப்படியே விரிந்து நிற்கிறது. காலை வெயில் அதற்குள் நுழைந்து எதிர்ச்சுவர் முழுக்க நிறம் நிறமாக நிற்கிறது. அவர் கையில் இருந்த வெள்ளை விரிப்பு நாளுக்கு ஒரு மடிப்பாகத் திறக்கிறது. போன மாதம் அவர் ஒருமுறை கண் சிமிட்டினார். இமை இறங்கி ஏற இரண்டு வாரம் ஆனது. அந்த இமைமேல் ஒரு சின்ன மச்சம் இருக்கிறது. ஆறு வருஷம் குடும்பம் நடத்தியிருக்கிறேன், அதை நான் பார்த்ததே இல்லை.

எனக்கு ஒரு யோசனை. இடுப்பு உயரத்தில் முற்றத்தின் குறுக்கே இரண்டு கொடிகள் ஓடுகின்றனவே, அவற்றின் கப்பிகள் இரண்டு பக்கமும் சுவருக்கு வெளியே இருக்கின்றன. அங்கே தேக்கம் இல்லை. கனத்த போர்வைகளை இரண்டு கொடிக்கும் சேர்த்துக் கிளிப் போட்டு, எதிர்ப்பக்கம் நின்று இழுத்தால், மெதுவாகவாவது அவருக்கு அடியில் போய்ச் சேராதா? நீ சரியென்றால் இழுக்கத் தொடங்குகிறேன்.

நீ வேலையை விட்டு ஓடிவர வேண்டாம். இங்கே வந்து நீ செய்ய ஒன்றுமில்லை. எனக்கு மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குகிறது, மற்றபடி சுகம்.

அக்கா


வெயில் தணிந்திருக்கிறது, மாதம் தெரியவில்லை

அக்காவுக்கு. நான் நலமா என்று கேட்காதே. உன் கடிதத்தைப் படித்ததும் அதை எடுத்துக்கொண்டு எங்கள் மேஸ்திரியைத் தேடி ஓடினேன்.

யோசனை பலிக்கும். மேஸ்திரியிடம் காட்டினேன். இரண்டு தடவை படித்துவிட்டு, "உங்கக்காவ இங்க வேலைக்கு வரச்சொல்லு" என்றார். இத்தனை வருஷம் தேக்கத்தோடு கட்டிப்புரண்ட எங்களுக்கு ஒரு துணிக்கொடி தோன்றவில்லை. சீராக இழுங்கள், வெடுக்கென்று இழுத்தால் கயிறு அறும். உங்கள் இழுப்பு நடுமுற்றத்துக்குப் போய்ச் சேரவே ஒரு வாரம் பிடிக்கும். அடியில் பொழுது இன்னும் கெட்டி, அதனால் மச்சானும் இறங்க இறங்க மெதுவாவார். போர்வை அடியில் போய்ச் சேர்ந்துவிட்டால் அன்றைக்கே வடித்துவிடலாம்.

ஏன் உனக்கு மூச்சு வாங்குகிறது? மருத்துவரிடம் போ.

தம்பி


முதல் மழைக்குப் பின்

தம்பிக்கு. மருத்துவரிடம் போனேன், ஒன்றும் இல்லை என்று சொல்லவில்லை, பயப்பட ஒன்றுமில்லை என்றார். அதோடு விடு.

போர்வை கேட்டுத் தெருத்தெருவாகப் போனேன். ஆச்சரியத்தைக் கேள். அதிகம் கொடுத்தது கீழ்த்தெரு. நம்மால் பகல் சுருங்கி, உலையில் தண்ணீர் கொதிப்பதற்குள் விளக்கேற்ற வேண்டியிருக்கிறது அவர்களுக்கு. அவர்கள்தான் கட்டிலில் கிடந்ததை உருவிக் கொடுத்தார்கள். ரொட்டிக்காரர் மஞ்சளில் ஒரு பெரிய போர்வை கொண்டுவந்தார். அவருடைய கல்யாணப் போர்வையாம்.

இப்போது நீ திட்டப்போகிறாய். அழுக்குத் துணியைக் கொடியில் ஏற்றி எங்களுக்குப் பழக்கமில்லை. ஊரார் பொருள், ஊர் பார்க்கும் இடம், சலவைக்கூடத்தின் பெயர் என்ன ஆவது என்று எல்லாவற்றையும் வெளுத்துவிட்டோம். மழைநாள், வெளியே காயவில்லை, உள்ளே போகிற வழியில் காயட்டும் என்று ஈரத்தோடு ஏற்றிவிட்டோம். தேக்கத்துக்குள் ஈரம் எந்த யுகத்தில் காயும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. கனம் தாங்காமல் கொடி தொய்ந்து தரையைத் தொடப்போகிறது.

உன் மச்சான் முகம் இப்போது என் பக்கம் திரும்புகிறது. பயந்த முகமாக இல்லை, வாதாடுகிற முகமாக இருக்கிறது. அது எனக்குப் பழகிய முகம்தான்.

அக்கா


மழை நடுவில் என்கிறார்கள்

அக்கா, உடம்பைப் பார்த்துக்கொள். உயிர் ஊசலாடுகிற இடத்தில் வெளுப்பு கேட்கிறதா உங்களுக்கு? மேஸ்திரி சிரித்தார், எனக்குச் சிரிப்பு வரவில்லை. காய்ந்த போர்வை என்று எழுதாமல் விட்டது என் தப்பு. ஈரமாக ஏற்றுவார்கள் என்று எந்த மனிதன் நினைப்பான்?

முழுவதையும் திரும்ப வெளியே இழுத்துவிடுங்கள். காயவைத்து மறுபடி அனுப்புங்கள். இரண்டு மாதம் போயிற்று, போகட்டும். முற்றத்தை உடனே வடிக்க வேண்டும் என்று நகரசபைக்காரர்கள் அவசரப்படுகிறார்களா? அதை மட்டும் மறைக்காமல் எழுது.

தம்பி


மழை முடிகிறது

தம்பிக்கு. சாப்பாடு, தூக்கம் எல்லாம் ஒழுங்காக நடக்கிறது. என்னைக் கனம் தூக்க யாரும் விடுவதில்லை, உட்கார்த்திவைத்து வேலை வாங்குகிறார்கள்.

மறைக்கவில்லை. நகரசபை மேற்பார்வையாளர் வந்தார். நல்ல மனிதர், என் முகத்தைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துக்கொண்டே பேசினார். மழை முடிந்ததும் வடிக்க உத்தரவாம். கீழ்த்தெருவில் பள்ளிப் பிள்ளைகள் பலகையை எடுக்கும்போதே வீட்டுக்குப் போகும் மணி அடிக்கிறது. காய்ச்சல்காரர்களுக்குத் தூங்க இரவு போதவில்லை. இன்னும் ஒரு மாதம் பொறுக்கச் சொல்லி அவரே மேலிடத்தில் கெஞ்சி வாங்கியிருக்கிறார். காய்ந்த போர்வைகள் போய்ச்சேரக் குளிர்காலம் முடிய வேண்டும். கணக்கு உதைக்கிறது.

கீழ்த்தெருக்காரர்களை நான் குறை சொல்ல மாட்டேன். ஒரு அம்மாள் அழுதுகொண்டே, "உன் புருஷன் பிழைக்கணும்னுதாம்மா எங்களுக்கும் ஆசை, ஆனா எம்புள்ள வளரவே பகல் இல்லையே" என்றார்.

ஒரு வேடிக்கை. ஒவ்வொரு போர்வை உள்ளே போகும்போதும் கீழ்த்தெருவில் அந்தி கொஞ்சம் தள்ளிப்போகிறது. நிறைந்த தொட்டியில் துணியை அமுக்கினால் தண்ணீர் வழியாதா, அதுபோலத்தான். "இன்னும் நாலு போடும்மா, மாவு பொங்கட்டும்" என்கிறார் ரொட்டிக்காரர். போர்வைக்கு நான் எங்கே போவேன்?

அக்கா


குளிர் தொடங்கிவிட்டது

அன்பு அக்காவுக்கு. நான் நன்றாக இருக்கிறேன். முழங்கால் வலிகூட இன்றைக்கு இல்லை.

தொட்டி, துணி என்று நீ எழுதியதைப் பலமுறை படித்தேன். எங்கள் பெரிய தேக்கமும் விளிம்புவரை நிறைந்துதான் நிற்கிறது. அது வழிந்தால் உங்கள் கீழ்த்தெரு வழியாகத்தான் ஓடும், வேறு பள்ளம் இல்லை.

ரொட்டிக்காரரிடம் அடுத்த வாரத்திலிருந்து மாவைக் கொஞ்சம் தாராளமாகப் பிசையச் சொல். பள்ளிக்கூடத்தில் புதுப் பாடம் தொடங்கச் சொல். என் பழுப்புச் சட்டையைப் பெட்டியில் பூச்சி அரிக்க விடாதே, மச்சான் இறங்கியதும் அவர் போட்டுக்கொள்ளட்டும். எனக்கு ஒரு நீண்ட ஷிப்ட் வருகிறது. பதில் வரவில்லையே என்று மனதைப் போட்டு அலட்டிக்கொள்ளாதே. கயிற்றைச் சீராக இழு.

உன் தம்பி


குளிர் முடிந்து, மரம் துளிர்க்கும் வாரம்

தம்பி, நீ எங்கே இருந்தாலும் சுகமாக இரு. நான்கு கடிதம் போட்டேன், ஒன்றுக்கும் பதில் இல்லை. கோபத்தை ஒத்திவைத்துவிட்டு எழுதுகிறேன். நல்ல செய்தி காத்திருக்காது.

நீ எழுதின அடுத்த வாரம் கீழ்த்தெருவுக்கு ஒரு பகல் வந்தது. கூப்பிட்டார்கள் என்று நானும் போனேன். வெயில் ரொட்டிக்கடைச் சுவரில் ஏறியது, அங்கேயே நின்றது. பிள்ளைகள் ஆடினார்கள், களைத்துச் சாப்பிட்டார்கள், தூங்கி எழுந்து மறுபடி ஆடினார்கள், அப்போதும் அதே வெயில். மாவு பொங்கிப் பலகையைத் தாண்டி வழிந்தது. மாதக்கணக்காகத் தூங்காத காய்ச்சல்காரர் ஒருவர் ஆசைதீரத் தூங்கி எழுந்து, இது இன்றைக்கா நாளைக்கா என்று கேட்டார். யாரும் சத்தம் போட்டுப் பேசவில்லை. பேசினால் போய்விடுமோ என்று பயந்தோம். தினமும் அப்படி வந்தது. மேற்பார்வையாளர் உத்தரவுக் காகிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

போர்வைகள் நேற்று உன் மச்சானுக்கு அடியில் போய்ச் சேர்ந்தன. மேலே அந்த மஞ்சள் போர்வை. அவர் முதுகுக்கும் அதற்கும் ஒரு முழம்தான் இடைவெளி. இரண்டு தெருவும் கூடி நிற்க, மேற்பார்வையாளர் வடிகாலைத் திறந்தார். ஏணி, வாளி, தண்ணீர், விரிப்பு எல்லாம் ஒரே நேரத்தில் விழுந்த சத்தம் காதை அடைத்தது. அவர் போர்வைமேல் விழுந்து, எம்பி, மறுபடி விழுந்து, "...மாட்டேன்" என்றார்.

கூட்டம் சிரித்த சிரிப்பில் அவருக்கு ஒன்றும் புரியவில்லை. எழுந்து உட்கார்ந்து என்னைப் பார்த்தார். என் கையைப் பார்த்தார். "யாரு புள்ள இது?" என்றார்.

அதுதான் தம்பி, அன்றைக்கு அவரை இறங்கச் சொல்லிச் சொல்ல இருந்த விஷயம். உனக்கும் எழுதவில்லை. எழுதினால் வேலையைப் போட்டுவிட்டு ஓடிவருவாய். பெண் குழந்தை, பிறந்து ஒரு மாதமாகிறது. அப்பாவைப் பார்த்து அழவில்லை, கொட்டாவி விட்டாள்.

அக்கா

மாப்பிள்ளே, ஏறும்போது ரெண்டு பேர், இறங்கினா மூணு பேர். இடையில் எனக்குக் கிடைத்தது ஒரு முதுகுவலிதான். உன் பழுப்புச் சட்டை எனக்குப் பிடிக்கிறது, ஆனாலும் வந்து வாங்கிக்கொள்.


அதற்கடுத்த கோடை

தம்பிக்கு. இந்தக் கடிதம் உன் தலையணைமேல் கிடக்கும் என்று தெரிந்தே எழுதுகிறேன்.

உன் மேஸ்திரி வந்திருந்தார். தண்ணீர்கூடக் குடிக்காமல் சொல்லி முடித்தார். முழங்காலுக்குமேல் யாரும் இறங்கக் கூடாது என்பது உங்கள் விதியாம். நீ தலை முழுக இறங்கிவிட்டாயாம். போய்த் திரும்ப உனக்குச் சில நிமிஷம்தானாம், கரைக்கு எத்தனை வருஷம் என்று அவருக்கே சொல்லத் தெரியவில்லை. தொட்டியில் துணியை அமுக்கியதுபோல, அந்தப் பகலெல்லாம் நீ உள்ளே இறங்கி வழியவைத்தது. ஈரப் போர்வைக்கு நீ ஈடு கட்டியிருக்கிறாய்.

குழந்தையைத் தூக்கிக்கொண்டு நாங்கள் வந்து பார்த்தோம். தேக்கம் கண்ணாடி போல நின்றது. உள்ளே நீ ஒரு காலை எடுத்துவைத்தபடி நின்றாய். முழங்கால் வலிக்கிறதுபோல, முகத்தைச் சுளித்துக்கொண்டிருந்தாய். எண்ணெய் தேய்க்கச் சொன்னேனே, கேட்டாயா? அழுதுவிட்டு அதையே திரும்பத் திரும்பச் சொன்னேனாம், உன் மச்சான் சொல்கிறார்.

அக்கா

மாப்பிள்ளே, திரும்பி வரும்போது பார்த்து நட. கீழே வழுக்கும். எனக்கு அனுபவம் உண்டு.


தேதி கேட்கப் பயமாக இருக்கிறது

அன்பு அக்காவுக்கு. நீ இருக்கிறாய் என்று நம்பி நலம் கேட்கிறேன்.

இன்று காலை கரையேறினேன். தங்குமிடத்துக்குப் புதுக் கூரை போட்டிருக்கிறார்கள். மேஸ்திரி என்று யாரோ ஒருவர் வந்து கையைக் கொடுத்தார், எனக்கு அடையாளம் தெரியவில்லை. என் கட்டில்மேல் உன் கடிதங்கள் என் இடுப்பு உயரத்துக்கு இருக்கின்றன. ஒன்றையும் பிரிக்கவில்லை. பிரித்து அடியைப் பார்த்தால் மச்சானின் வரி இருக்கும், அல்லது இருக்காது. கை வரவில்லை. நீயே ஒரு வார்த்தை எழுது. அவர் இறங்கிவிட்டாரா?

உள்ளே இருந்ததைச் சொல்ல வார்த்தை போதாது. அடியில் மணல்மேல் என் காலடியில் கிளம்பிய தூசி ஒவ்வொன்றாக எழுந்து வந்தது. தலைக்குமேல் இரவும் பகலும் விசிறிக் காற்று போலப் படபடவென்று போயின. திரும்பி ஏறும்போது பயம் வந்தது, கரை எந்தப் பக்கம் என்றே தெரியவில்லை. அப்போது ஒரு பக்கத்தில் மஞ்சளாக ஏதோ விட்டுவிட்டு மின்னியது. பறவையாக இருக்கும் என்று நினைத்து அதைப் பார்த்து நடந்தேன். கரை அங்கேதான் இருந்தது.

தம்பி


கோடை தொடக்கம், உன் கடிதம் வந்த அன்றே

என் தம்பிக்கு. நாங்கள் எல்லோரும் சுகம். எல்லோரும் என்றால் எல்லோரும்தான். எந்தக் கடிதத்தை வேண்டுமானாலும் பிரித்து அடியைப் பார், பயப்படாதே.

அது பறவை இல்லை. ஒவ்வொரு வருஷமும் கோடை முழுக்க நாங்கள் அந்தக் கரையில் இருந்தோம். இரண்டு கம்பம் நட்டு, கொடி கட்டி, ரொட்டிக்காரரின் மஞ்சள் போர்வையை விரித்துப் போட்டோம். ஒரு நாள் போட்டால் உன் கண்ணில் படாது, மாதக்கணக்கில் தொங்கினால் ஒரு மின்னலாவது தெரியும் என்பது உன் மச்சானின் கணக்கு. போவதற்குமுன் ஒவ்வொரு முறையும் வெளுத்து, நன்றாகக் காயவைத்துத்தான் கொண்டுபோனேன். ஒரு வருஷம் உன் தலை எங்கள் பக்கம் திரும்பத் தொடங்கியது. அந்தக் கோடை முழுவதும் நாங்கள் மூன்று பேரும் மாறிமாறி அதன் அடியில் நின்றோம்.

என் தலை நரைத்துவிட்டது. உன் மருமகளுக்கு இப்போது என் சட்டை சரியாக இருக்கிறது. வந்தால் நீ எனக்குத் தம்பி மாதிரி இருக்க மாட்டாய், மகன் மாதிரி இருப்பாய். இருக்கட்டும், வந்து சேர். எண்ணெய் காய்ச்சி வைக்கிறேன்.

அக்கா

மாப்பிள்ளே, உனக்குப் பார்த்துவைத்த பெண்களுக்கெல்லாம் பிள்ளைகள் பிறந்துவிட்டன. சட்டையும் கிழிந்துவிட்டது. தப்பு என்னுடையது இல்லை.

மாமா, உங்களுக்கு என்னைத் தெரியாது, எனக்கு உங்களைப் பிறந்ததிலிருந்து தெரியும். வண்டி நிற்கும் இடத்துக்கு நான்தான் வருவேன் என்று சொல்லிவிட்டேன். மஞ்சள் போர்வையைப் போர்த்திக்கொண்டு நிற்கிறேன். அதைப் பார்த்து நடந்து வாருங்கள்.